சித்தப்பாவின் வீட்டுக் கடன் கணக்கு

பழவேற்காட்டில் சித்தப்பா வீடு கட்டப் போகிறார். 10 லட்சம் கடன், 9 சதவீத வட்டி, 20 வருஷம். "மாசம் 8,997 ரூவாதான்டா, கட்டிடலாம்" என்றார். வலை முடிச்சில் காய்த்துப்போன விரலால் அந்தத் தொகையைத் தொட்டுக் காட்டினார்.

காலண்டர் தாளைத் திருப்பிப்போட்டுக் கணக்குப் போட்டேன். முதல் தவணையில் 7,500 வட்டி. அசலுக்குப் போவது 1,497தான். வட்டி மாறாமலிருந்தாலும் ஐந்து வருஷத்தில் கட்டுவது ஏறக்குறைய 5,40,000. அதில் அசல் குறைவது 1,13,000 மட்டுமே. முடிவில் மொத்தம் 21,59,000. சித்தப்பா ரொம்ப நேரம் பேசவில்லை.

சித்தப்பா வலை போடும் ஏரி மாதச் சம்பளம் தராது. முகத்துவாரத்தை மணல் அடைத்தால் இறால் வரத்து குறையும். பாடு முறையில் நம்ம முறை வரும் நாளில்தான் வலை இறக்க முடியும். தவணைத் தேதி எதற்கும் காத்திருக்காது. கையில் காசில்லாவிட்டால் வியாபாரியிடம் முன்பணம் வாங்கணும், அப்புறம் அவர் வைத்ததுதான் விலை. இந்த நஷ்டம் எந்த வங்கித் தாளிலும் வராது. எனக்குப் பெரிய கவலையே அதுதான்.

நல்ல சீசனில் வரும் காசை அசலில் கட்டுங்கள். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாதென்று ரிசர்வ் வங்கி 2012லேயே சொல்லிவிட்டது. தொடக்கத்திலிருந்தே வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் மூன்று வருஷத்துக்கு மேல் மிச்சம்.

இன்று காலையில் சித்தப்பா போன் செய்தார். மாடி வேண்டாமாம். 6 லட்சத்துக்குக் கணக்குப் போட்டு வைக்கச் சொன்னார்.