இரட்டைச் சுழி

பெரம்பலூரில் ஃபிளக்ஸ் அடிக்கும் கடைக்குள் நுழைந்ததும் மூக்கில் ஏறுவதை வாசனை என்று சொல்ல முடியாது, நெடி என்றுதான் சொல்ல வேண்டும், ஏசி போட்டு அடைத்த அறை என்பதால் வெளியேற வழியில்லாமல் அங்கேயே சுற்றிச் சுற்றி வந்து தொண்டையில் உட்கார்ந்துகொள்ளும் நெடி. மறுநாள் பேத்திக்குக் காதுகுத்து, வாசலில் கட்டப் பதாகை வேண்டும் என்று மருமகள் சொல்லியிருந்தாள், சாயங்காலம் சுருட்டி ரப்பர் பேண்டு போட்டுக் கொடுத்தார்கள், விரித்தால் எட்டடிக்கு நாலடியில் குழந்தை சிரிக்கிறாள், சுற்றிலும் ரோஜாப்பூ, கீழே சிவப்பில் தேன்மொழி என்ற பெயர், அதில் முதல் எழுத்து உடைந்திருந்தது. த தனியாக முன்னால் நிற்கிறது, அதற்கு முன்னால் நிற்க வேண்டிய கொம்பு பின்னால் போய் ன் பக்கத்தில் ஒண்டிக்கொண்டிருக்கிறது. "ஃபாண்ட் அப்படித்தான் சார் விழுது, தூரத்துல இருந்து பாத்தா தெரியாது" என்றான் கடைப்பையன், இன்னொன்று அடித்துத் தர நேரமில்லை என்றும் சொன்னான், அவனுக்குப் பின்னால் பன்னிரண்டு பதாகைகள் வரிசையில் இருந்தன.

அந்த நெடியில் நின்றுகொண்டிருக்கும்போதே வேறொரு நெடி நினைவுக்கு வந்தது, டர்பன்டைன், அதுவும் தொண்டையைப் பிடிப்பதுதான், ஆனால் அதில் பைன் மரத்துப் பிசினின் ஈரம் கொஞ்சம் இருக்கும். அது என் சித்தப்பாவின் வாசனை. அரியலூர் ரயிலடிக்குப் போகிற சாலையில் அவர் போர்டு எழுதிக்கொண்டிருந்தார், இத்தனை சிமெண்ட் ஆலைகள் வராத, லாரிகள் தெருவை அடைத்துக்கொள்ளாத காலம், ஆனாலும் சுண்ணாம்புக்கல் ஊர் என்பதால் கோடையில் வெள்ளைப் புழுதி எதன் மேலும் படியும், காயாத எனாமலின் மேல் படிந்தால் எழுத்து சொரசொரத்துப் போகும், அதனால் விடியுமுன் எழுந்து, வெயில் ஏறுவதற்குள் எழுதி முடித்துவிடுவார். நீலம் தோய்த்த நூலை இரண்டு ஆணிக்கு நடுவே இழுத்துக் கட்டி, சுண்டி விடுவார், சுவரில் ஒரு கோடு விழும், அதுதான் எழுத்தின் தரை, பிறகு மூங்கில் குச்சியின் நுனியில் துணிப்பந்து கட்டியதைச் சுவரில் ஊன்றி, அதன் மேல் வலது மணிக்கட்டைச் சாய்த்துக்கொண்டு, தட்டை பிரஷை இறக்குவார்.

அந்தப் பிரஷ் திரும்பும் இடத்தைப் பார்க்க வேண்டும். கீழே இறங்கும்போது பட்டையாக வரும் கோடு, வளைவில் திரும்பும்போது பிரஷின் விளிம்பு சுவரைத் தொட, மயிரிழையாக மெலிந்து, மறுபடி பெருக்கும், ஒரு ம எழுதினால் அதன் தொடை கனமாகவும் இடுப்பு ஒடுங்கியும் இருக்கும். "எழுத்துக்கு வயிறு வேணும்டா, வயிறு இல்லாத எழுத்து பட்டினி கிடந்த மாதிரி இருக்கும்" என்பார். எந்தப் பள்ளியிலும் அவர் அதைப் படிக்கவில்லை, பிரஷ் சொன்னதைக் கேட்டுக்கொண்டார், அவ்வளவுதான், பிற்பாடு பத்திரிகைத் தலைப்புகளிலும் சினிமாச் சுவரொட்டிகளிலும் அதே வயிறும் அதே இடுப்பும் இருப்பதைப் பார்த்தபோது, தமிழ்நாடு முழுக்க ஆயிரம் சித்தப்பாக்கள் ஒரே பிரஷிடம் பாடம் கேட்டிருக்கிறார்கள் என்று புரிந்தது. 1978இல் அரசாணை வந்து, பெரியார் 1935இலேயே குடி அரசு இதழில் புழங்க ஆரம்பித்த சீர்திருத்த எழுத்து பள்ளிக்கும் அச்சுக்கும் சட்டமானபோது, பழைய லை போனதற்கு அவர் ஒரு வாரம் வருத்தப்பட்டார், யானை துதிக்கையைத் தூக்கியது போல முன்னால் எழும்பி நிற்கும் அந்த வளைவில் அவர் கை அப்படி ஓடும். ஆனால் அவரே அடுத்த வாரம் சொன்னார், அச்சாபீஸ்காரனுக்கு இது பெரிய உபகாரம், எத்தனை எழுத்தை அவன் தனித்தனியா வார்த்து வச்சிக்க முடியும் என்று. அவர் சொன்னது சரி என்றுதான் இன்றும் நினைக்கிறேன், அந்தத் துதிக்கையின் மேல் எனக்கும் ஆசை உண்டு என்றாலும்.

அச்சாபீஸ் என்றதும் மண்ணெண்ணெயும் மையும் கலந்த வாசனை. சித்தப்பா எழுதுகிற சுவருக்கு இரண்டு கடை தள்ளி, ஒரு ட்ரெடில் மிஷினும் சரிந்த மேசைகளில் எழுத்துப் பெட்டிகளும் வைத்த சின்ன அச்சுக்கூடம் இருந்தது, மஞ்சள் பல்பு ஒன்று தாழத் தொங்கும், அதன் கீழே கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு ஒரு பெரியவர் கல்யாணப் பத்திரிகைக்கு எழுத்துக் கோத்துக்கொண்டிருப்பார், பெட்டியைப் பார்க்கவே மாட்டார், கை தானாகப் போய் அறையறையாக எடுத்து வரும். வாயில் வெற்றிலை இருந்தால் பேச மாட்டார், எழுத்தின் மேல் எச்சில் படக் கூடாது என்பார். அவருக்கு அது ஈயமாகத் தெரியவில்லை. ஒரு நாள் என்னைப் பக்கத்தில் நிறுத்தி, தேவி என்று கோத்துக் காட்டினார், முதலில் கொம்பு, அப்புறம் த, அப்புறம் வி, கையால் எழுதும்போதும் அந்த வரிசைதானே, கொம்பை எழுதிவிட்டுத்தானே த-வுக்குப் போகிறோம். கொம்புக்கென்று தனி அறை, காலுக்கென்று தனி அறை, இரட்டைச் சுழிக்கு வேறு அறை, எழுதுகிற கைக்கும் கோக்கிற கைக்கும் நடுவே பேதமே இருக்கவில்லை. தட்டச்சுப் பொறியிலும் அப்படியேதான் வந்தது.

கணினிக்குள் போனபோதுதான் வரிசை மாறியது. இப்போது யுனிகோடில் த முதலில், கொம்பு பிறகு, உச்சரிக்கும் ஒழுங்கில் சேமித்து வைக்கிறார்கள், தேடவும் அகர வரிசையில் அடுக்கவும் அதுதான் வசதி, நானும் மறுக்கவில்லை, ஆனால் திரையில் காட்டும்போது பின்னால் இருக்கிற கொம்பைத் தூக்கி முன்னால் கொண்டுவந்து வைக்க ஒரு மென்பொருளுக்குத் தெரிந்திருக்க வேண்டும், தெரியாத மென்பொருளில் கொம்பு போட்ட இடத்திலேயே கிடக்கும். என் பேத்தியின் பெயரில் நடந்தது இதுதான். அந்தப் பெரியவர் இருந்தால் அந்தப் பதாகையைப் பத்தடி தூரத்திலிருந்தே பார்த்துக் கண்ணாடியை இறக்கியிருப்பார்.

கொம்பு தவறியதில் எனக்கு அவ்வளவு வருத்தம் வருவதற்கு இன்னொரு காரணம் உண்டு, அது எங்கள் பக்கத்து எழுத்து. அரியலூரிலிருந்து திருமானூர் போய், கொள்ளிடத்தை ஒட்டித் திரும்பினால் ஏலாக்குறிச்சி, அடைக்கல மாதா கோயிலைக் கட்டி அங்கே வாழ்ந்தவர் வீரமாமுனிவர், 1680இல் இத்தாலியில் பிறந்த பெஸ்கி. தாத்தா என்னை முதன்முதலாக அங்கே கூட்டிப்போனது ஒரு திருவிழாவுக்கு, மெழுகுவர்த்திப் புகையும் ஆற்று மணலில் மிதிபட்ட மல்லிகையும் சேர்ந்த வாசனை, ராத்திரி மணலிலேயே படுத்தோம், நாங்கள் வேறு சாமி கும்பிடுகிறவர்கள் என்பது அந்த மணலில் யாருக்கும் ஒரு பொருட்டாக இருக்கவில்லை. விடிந்ததும் ஊர்ப் பெயர்ப்பலகையின் கீழே நிறுத்தி, "இந்த ஊர்ப் பேரோட மொத எழுத்து இருக்கே, அதோட காலை இழுத்து விட்டவரே இங்க இருந்தவருதான்" என்றார்.

எனக்கு அன்று விளங்கவில்லை, பிறகுதான் தெரிந்தது. தொல்காப்பியர் காலத்திலிருந்து எ, ஒ என்ற குறில்களுக்கு மேலே புள்ளி வைக்க வேண்டும், புள்ளி இல்லாவிட்டால் நெடில் என்பது விதி. ஆனால் ஓலையில் எழுத்தாணியால் புள்ளி குத்தினால் பொத்துக்கொள்ளும், அதனால் எழுதுகிறவர்கள் புள்ளியை விட்டுவிட்டார்கள், மெய்யெழுத்தின் புள்ளியும் போயிற்று, கடைசியில் எ-வும் ஏ-யும் ஒன்று, கெ-யும் கே-யும் ஒன்று, காலும் ர-வும் ஒன்று, இடம் பார்த்து, பொருள் பார்த்துத்தான் படிக்க வேண்டும். வீரமாமுனிவர் ஏ-க்குக் கீழே ஒரு கோடு இழுத்து, ஓ-வுக்கு ஒரு சுழி கொடுத்து, நெடில் கொம்பின் தலையை மேலே ஒரு முறை சுழித்துவிட்டார். பெரம்பலூர் பெரம்பலூராகவும் தேன்மொழி தேன்மொழியாகவும் எந்தக் குழப்பமும் இல்லாமல் படிக்கப்படுவது அந்தச் சுழியால்தான். அவரோடு சமயத்தில் மோதிக்கொண்டிருந்த தரங்கம்பாடி மிஷன்காரர்களே 1738இல் அவருடைய கொடுந்தமிழ் இலக்கணத்தை அச்சிட்டார்கள், எழுத்து அவ்வளவு தூரம் மனிதர்களைச் சேர்த்து வைக்கும். அதற்கு முன்னால் 1713இல் அவர்களுக்கு ஜெர்மனியின் ஹாலே நகரத்திலிருந்து வார்த்து வந்த தமிழ் எழுத்துகள் பெரிதாக இருந்து காகிதத்தைத் தின்றதால், பாலாடைக்கட்டி வந்த ஈயத் தகட்டை உருக்கி இங்கேயே சின்னதாக வார்த்துக்கொண்டார்கள், அந்த ஈயத்திலும் ஓலைக்காரனின் வளைவுதான் இருந்தது.

தாத்தாவின் கைக்கு வருகிறேன். சின்ன வயதில் அவர் ஓலையில் ஜாதகம் எழுதியவர், இடது கட்டை விரல் நகத்தை நீளமாக வளர்த்து, நடுவில் ஒரு வெட்டுக் கொடுத்திருப்பார், எழுத்தாணியின் கூர் அந்த வெட்டில் உட்கார்ந்துகொள்ளும், வலது கை ஆணியைப் பிடித்திருந்தாலும் அதிகம் அசையாது, இடது கை ஓலையைத்தான் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தும். நரம்போடு நீளமாகக் கோடு இழுத்தால் ஓலை பிளக்கும், அதனால் கை வளைந்து வளைந்து போகும், எழுதி முடித்ததும் கோவையிலைச் சாற்றில் விளக்குக்கரியைக் குழைத்துத் தடவித் துடைத்தால், அதுவரை கண்ணுக்கே தெரியாமல் கிடந்த எழுத்தெல்லாம் கறுப்பாக எழுந்து வரும். நான் பிறப்பதற்கு வெகு காலம் முன்பே ஓலைக்கு வேலை போய்விட்டது, ஜாதகம் நாற்பது பக்க நோட்டுக்கு வந்துவிட்டது, ஆனால் பதினைந்து நாளுக்கு ஒரு முறை, நகம் வளர்ந்து வெட்டு மேலேறியதும், திண்ணையில் வெயில் விழும் இடமாகப் பார்த்து உட்கார்ந்து, மடக்கெழுத்தாணியின் கத்தியை விரித்து, பழைய இடத்திலேயே மறுபடி ஒரு வெட்டுப் போட்டுக்கொள்வார். பாட்டி, "இனிமே யாருக்கு எழுதப் போறீங்க" என்று கேட்பாள். பதில் சொல்ல மாட்டார்.

உ.வே.சாமிநாதையர் பிள்ளைப் பிராயத்தில் அரியலூரிலும் குன்னத்திலும் பாடம் கேட்டதைத் தாத்தா ஓர் உறவுக்காரரைப் பற்றிச் சொல்வது போலச் சொல்வார், காரிகை கற்க செங்கணம் விருத்தாசல ரெட்டியாரிடம் போனதையும், எல்லாம் எங்கள் பேருந்து போகிற ஊர்கள். புள்ளியும் சுழியும் இல்லாத ஏடுகளோடு மல்லுக்கட்டி 1887இல் சீவக சிந்தாமணியை அச்சில் கொண்டுவந்த அந்தக் கண்கள் இந்தப் புழுதியில் பழகியவை என்பதில் தாத்தாவுக்குத் தனிப் பெருமை. திருமழபாடிக்குக் கூட்டிப்போனபோது, கோயில் சுவரில் உள்ளங்கையை வைத்து, கல்லெழுத்தின் மேல் மெதுவாக நகர்த்தினார். ராசராசன் தன் 28ஆம் ஆட்சியாண்டில் அந்த விமானத்தைப் பிரித்துக் கட்டச் சொன்னபோது, சுவரிலிருந்த கல்வெட்டுகளை முதலில் புத்தகத்தில் படியெடுத்து வைக்கச் சொன்னான், மகன் ராசேந்திரனின் 14ஆம் ஆண்டில் அவை மறுபடி கல்லில் ஏறின. யாரோ ஒருவர் கல்லைப் பார்த்து எழுதினார், வேறு யாரோ அதைப் பார்த்துக் கல்லில் வெட்டினார், நடுவில் பத்தாண்டுக்கு மேல். அவர்களின் பெயர் நமக்கு வேண்டாம், ஒரு கொம்பையும் இடம் மாற்றாமல் கொண்டுபோய்ச் சேர்த்தார்களே என்றுதான் இப்போது தோன்றுகிறது.

கடையிலிருந்து பதாகையைத் தோளில் சாய்த்துக்கொண்டு வெளியே வந்தபோது விளக்கு வைக்கும் நேரம். வீட்டுக்குப் போகிற வழியில் ஹார்டுவேர் கடையில் நின்று, இருப்பதிலேயே சின்ன டப்பாவில் சிவப்பு எனாமலும், வெள்ளையும், அரை இஞ்சுத் தட்டை பிரஷும், டர்பன்டைன் ஒரு சின்ன பாட்டிலும் கேட்டேன், கடைக்காரர் "கேட் அடிக்கவா சார்" என்றார். ராத்திரி எல்லோரும் சாப்பிட உட்கார்ந்த பிறகு, மொட்டை மாடியில் பதாகையை விரித்து, நாலு மூலைக்கும் செங்கல் வைத்து, தப்பிய கொம்பை வெள்ளையால் மூடிவிட்டு, காய்வதற்குக் காத்திருந்தேன். மூடியைத் திறந்ததும் அந்த வாசனை வந்தது, காற்று இருந்ததால் நிற்காமல் போய்விட்டது. வெள்ளை காய்ந்ததும் த-வுக்கு முன்னால் சிவப்பைத் தொட்டு பிரஷை இறக்கினேன், கை நடுங்கியது, அறுபத்தாறு வயதில் நடுங்காமல் என்ன செய்யும், ஊன்றிக்கொள்ள சித்தப்பாவின் மூங்கில் குச்சி இல்லை. முதல் சுழி ஒரு மாதிரி வந்துவிட்டது. இரண்டாவது சுழிக்குத் திரும்பும் இடத்தில், பிரஷின் காம்பு எதன் மேலோ நிலையாகச் சாய்ந்திருப்பதை உணர்ந்து குனிந்து பார்த்தேன், என் இடது கட்டை விரல், நகத்தை நிமிர்த்திக்கொண்டு, அதன் அடியில் வந்து நின்றிருந்தது.