ஆட்காட்டியின் குரல்

அடையாறு என்றால் சென்னைவாசிகள் பலருக்கும் அது ஒரு பேட்டையின் பெயர். அப்பெயரைத் தந்த ஆறு மழைக்காலத்தில்தான் நினைவுக்கு வரும். 2015 டிசம்பர் வெள்ளத்தில் அது தன் இருப்பை எல்லோருக்கும் சொல்லிவிட்டுப் போனது. அடுத்த ஆண்டு நாங்கள் பன்னிரண்டு பேர், எல்லோரும் இருபதுகளில் இருந்தவர்கள், ஞாயிறுதோறும் கழிமுகத்துக்குச் செல்லத் தொடங்கினோம்.

கையுறையும் சாக்குமாக வெறியோடு வேலை செய்தோம். தெர்மாக்கோல், ஒற்றைச் செருப்புகள், மருந்துக் குப்பிகள், பால் உறைகள். குப்பை தீர்ந்த இடங்களில், சேற்றோரம் படர்ந்திருந்த செடிகளையும் பிடுங்கி எறிந்தோம். கரை துடைத்து வைத்தாற்போல் ஆனது. படம் எடுத்துக்கொண்டோம்.

வலையோடு அவ்வழி வந்த ஊரூர் குப்பத்துப் பெரியவர் ஒருவர் நின்று பார்த்தார். "உமரிய ஏம்பா புடுங்கிட்டீங்க? நண்டு எங்க போவும்?" என்று மட்டும் கேட்டார்.

அப்போதுதான் தலைக்கு மேலே கேட்ட கூச்சலைக் கவனித்தோம். காலையிலிருந்தே ஓர் ஆட்காட்டி சுற்றிச் சுற்றிக் கத்திக்கொண்டிருந்தது. தேடியபோது கரைமேட்டில், வெறும் மண்குழியில், கூழாங்கற்களைப் போல மூன்று முட்டைகள். நான்காவது எங்கள் சாக்குமூட்டையின் அடியில் நசுங்கிக் கிடந்தது. ஆள் வருவதைக் காட்டிக்கொடுப்பதால் அப்பறவைக்கு அப்பெயர். அன்று அது காட்டிக்கொடுத்தது எங்களை.

அதன்பிறகே படிக்கத் தொடங்கினோம். உமரி உப்பைத் தாங்கி வளர்வது. சேற்றைப் பிடித்து வைப்பது. சேற்றை நம்பி நண்டும் புழுவும், அவற்றை நம்பி உள்ளானும் கொக்கும் இருக்கின்றன. ஆற்றைக் கொல்வது கரையில் கிடக்கும் நெகிழி மட்டுமன்று, கழிவுநீர். மணல்திட்டு முகத்துவாரத்தை அடைத்துவிட்டால் கடலின் ஏற்றவற்றம் உள்ளே வராது, சாக்கடை தேங்கும், நீரில் உயிர்வளி குறைந்து மீன்கள் செத்து மிதக்கும். இதற்குச் சாக்கும் கையுறையும் போதா. அருகில் இடிபாடுகளால் மேடாகிக் கிடந்த 58 ஏக்கரை மீட்டு 2011இல் பூங்காவாகத் திறப்பதற்கே, குவியல்களை அகற்றி, நீர் வந்துபோக வழி செய்து, கண்டல் நட வேண்டியிருந்தது.

இப்போது குப்பையை மட்டுமே பொறுக்குகிறோம். மார்ச் முதல் ஆகஸ்ட் வரை கரைமேட்டில் ஏறுவதில்லை. தள்ளி நின்று பறவைகளை எண்ணிக் குறித்துக்கொள்கிறோம். பிடுங்கிய இடத்தில் உமரி மீண்டும் படர்ந்துவிட்டது. கழிவுநீர் நிற்கவில்லை.

போன மாதம் புதிதாக வந்த மாணவி ஒருத்தி, "இந்தப் பக்கம் இன்னும் சுத்தமே பண்ணலையா அக்கா?" என்று கேட்டாள். அவளைப் பெரியவரிடம் அழைத்துச் சென்றோம்.