பிளேட்டின் தலையைப் பார்த்து வாங்குங்கள்



மௌலவிக்கும் மரம் அரியும் மெஷினுக்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். சம்பந்தம் உண்டு. 1990 ஒக்டோபரில் வடபுலத்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டபோது, முல்லைத்தீவின் நீராவிப்பிட்டி, தண்ணீரூற்று மக்களும் வீடு வாசலை விட்டுப் போனார்கள். 2009இல் யுத்தம் முடிந்தபின் திரும்பி வந்தவர்களுக்குக் கதவு, யன்னல் தொடக்கம் எல்லாமே புதிதாகத் தேவைப்பட்டன. என்னிடம் ஓதிய ஒரு தம்பி இன்று ஓடாவி. மத்ரஸாவுக்கு ரிஹால்கள் செய்து தருபவரும் அவரே.

ரிஹாலின் காலில் வளைவு வெட்ட ஜிக்சோ மெஷின் வேண்டும். உறவினர் ஒருவர் கொடுத்த மெஷினுக்கு அவர் டவுனில் ஒரு பக்கெட் பிளேட் வாங்கினார். "எல்லா மெஷினுக்கும் பொருந்தும்" என்றார் கடைக்காரர். ஒன்றும் பொருந்தவில்லை. அன்றாடக் கூலிக்காரருக்கு இது சிறிய நட்டமா? தலையை அராவிச் செருகப் பார்த்தவரை நான் தடுத்தேன். நிமிடத்துக்கு ஏறக்குறைய 3000 தடவை மேலும் கீழும் ஓடும் பிளேட் கழன்றால் கையோ கண்ணோ போய்விடும்.

ஆகவே முதலில், பிளேட்டில் மெஷினுக்குள் போகும் தலையைப் பாருங்கள். இருபுறமும் சிறு காதுகள் நீட்டிக்கொண்டிருந்தால் அது டீ வகை. உச்சி யூ எழுத்துப் போல வெட்டப்பட்டிருந்தால் யூ வகை. ஆணி முறுக்கிப் பூட்டும் பழைய மெஷின்கள் பலவற்றுக்கு யூ வகையே பொருந்தும். ஆணியில்லாமல் செருகிப் பூட்டும் இக்கால மெஷின்களில் பெரும்பாலானவை டீ வகையை ஏற்பவை. இரண்டையும் ஏற்பவை சிலவே. பழைய பிளேட் ஒன்றைக் கையோடு கொண்டுபோய் ஒப்பிட்டு வாங்குவதே உத்தமம்.

அடுத்தது பல். பெரிய பல் மரத்தை வேகமாக அரியும், ஓரம் சொரசொரப்பாகும். நெருங்கிய பல் மெதுவாக அரியும், ஓரம் துப்புரவாக வரும். தகரத்துக்கும் இரும்புக்கும் மிக நுண்ணிய பல் வேண்டும். பொஷ் நிறுவனத்தின் டீ 101 பீ மரத்துக்கு, டீ 118 ஏ உலோகத்துக்கு. வளைவு வெட்ட ஒடுங்கிய பிளேட்டே நல்லது. அகலமானது திரும்பாமல் மரத்தைக் கருக்கும். பலகையின் கனத்தைவிட பிளேட் நீளமாக இருக்கவேண்டும்.

சாதாரண பிளேட் மேலே ஏறும்போதுதான் வெட்டும். சிம்பு மேற்பக்கத்திலேயே பெயரும். எனவே பலகையின் அழகான முகத்தைக் கீழே வைத்து அரியுங்கள்.

கடை வைத்திருக்கும் சகோதரர்களுக்கும் ஒரு வார்த்தை: "உங்கள் மெஷின் எந்த வகை?" என்று கேட்டுவிட்டுக் கொடுங்கள். பொருந்தாததைப் பொருந்தும் என்று விற்ற காசு ஹலாலாகுமா என்பதை நீங்களே யோசித்துப் பாருங்கள்.

தம்பி பிறகு சரியான பிளேட்டை வாங்கி வந்தார். இப்போது பிள்ளைகள் அவர் செய்த ரிஹால்களில் ஓதுகிறார்கள், அல்ஹம்துலில்லாஹ்.