நிலவைச் செய்தவர்

போத்தனூர் மக்களுக்கு வெளிச்சத்தின் மொழி புதிதன்று. ரயில்களை நில் என்றும் செல் என்றும் பணிக்கும் சிக்னல் கருவிகளுக்கான பணிமனை நம் ஊரில் உள்ளது. இங்குள்ள ரயில்வே குடியிருப்புகளில் ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பல வாழ்ந்தன. அச்சமூகத்தைச் சேர்ந்த ஒருவர் வெளிச்சத்தைக் கொண்டே கதை சொன்னார் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? அவர்தாம் ஒளிப்பதிவாளர் மார்க்கஸ் பார்ட்லி (1917–1993).

செய்திப்படங்கள் எடுத்துப் பழகிய அவர், 1945-இல் வெளிவந்த 'சுவர்க்க சீமா' என்னும் தெலுங்குப் படத்தின் வாயிலாகக் கதைப்படங்களுக்கு வந்தார். 'பாதாள பைரவி', 'மாயா பஜார்' போன்ற படங்கள் அவர் புகழைத் தென்னாடெங்கும் பரப்பின. குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்ற 'செம்மீன்' (1965) படத்தின் கடலும் அவர் கண்வழியே நாம் கண்டதே. 'சாந்தி நிலையம்' (1969) அவருக்குத் தேசிய விருதை ஈட்டித் தந்தது.

எனினும், அவர் பெயரைச் சொன்னால் பலர் நினைவுக்கு வருவது நிலவொளியே. அக்காலப் படச்சுருளில் மெய்யான நிலவொளி பதியாது; அத்துணை மங்கலானது அது. ஆகவே விளக்குகளைக் கொண்டே நிலவை உண்டாக்க வேண்டும். வெளிச்சம் மிகுந்தால் இரவு பகலாகிவிடும். குறைந்தால் முகம் மறைந்துவிடும். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட மெல்லிய அளவைக் கண்டறிந்ததே பார்ட்லியின் திறமை.

என் தங்கை மகன் பள்ளிப் படிப்பை முடித்ததும், சென்னைத் தரமணியிலுள்ள அரசுத் திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவு பயில விரும்பினான். "அண்ணா, நீங்களாவது அவனுக்குப் புத்தி சொல்லுங்கள். சினிமாக்காரனுக்கு யார் பெண் கொடுப்பார்கள்?" என்று தங்கை கண்கலங்கினாள்.

நான் அவனுக்கு ஒன்றும் சொல்லவில்லை. தங்கையை அமரச் செய்து, 1955-இல் வெளிவந்த 'மிஸ்ஸியம்மா'வைப் போட்டுக் காட்டினேன். கிறிஸ்தவக் குடும்பத்தில் வளர்ந்த மேரி என்னும் பெண்ணும் ஓர் இளைஞனும், வேலைக்காகக் கணவன் மனைவியாக நடிக்கும் கதை அது. ஓரிடத்தில் இருவரும் ஒருவர்மீது ஒருவர் நிலவிடம் குறை கூறுகின்றனர்.

"என்ன தெரிகிறது?" என்றேன்.

"வாய்தான் சண்டை போடுகிறது, அண்ணா. முகத்தில் சண்டையே இல்லையே" என்றாள்.

"அதை உனக்குச் சொன்னது யார்? வசனமா?"

அவள் சற்று நேரம் பேசவில்லை. பின்னர், "அந்த வெளிச்சம்" என்றாள். அன்றிரவே அவள் மனம் மாறிவிட்டதாகச் சொல்ல முடியாது. ஆயினும், மறுவாரம் விண்ணப்பத்தில் கையொப்பமிட்டாள்.

கதைமாந்தர் தம் வாயால் மறைப்பதை, பார்ப்போர் கண்ணுக்கு மெல்லக் காட்டிக் கொடுப்பதே ஒளிப்பதிவாளரின் தொழில். அதற்குப் பிறர் முகத்தைப் பொறுமையோடும் பரிவோடும் நோக்கும் பழக்கம் வேண்டும். அத்தகைய பழக்கமுள்ள பிள்ளை நம் வீட்டில் இருந்தால், ஊர் என்ன சொல்லும் என்று அஞ்சுவதற்குமுன், அவன் எதைப் பார்க்கிறான் என்று ஒருமுறை கேட்டுப் பார்ப்போமே!