நகராமல் நின்ற புயல்



எங்கள் ஆயாவுக்குத் தேதி பார்க்கத் தெரியாது. ஆனால் வருஷக் கணக்கு தப்பவே தப்பாது. "சாத்தனூர் டேம் கட்டச்சொல்ல நான் பாவாடை கட்டுன பொண்ணு" என்பார். தங்கச்சி எப்போது பிறந்தாள் என்று கேட்டால், "தானே புயல் அடிச்சுதே, அந்த மார்கழி" என்பார். அணை கட்டி முடித்தது 1958இல். தானே புயல் கரையைக் கடந்தது 2011 டிசம்பர் 30இல். எழுதப் படிக்கத் தெரியாத எங்கள் வீட்டில் அணையும் புயலும்தான் காலண்டர். அந்த வீட்டிலிருந்து முதன்முதலாகப் பாலிடெக்னிக் வாசலை மிதித்தவன் நான்.

நான் முதலாம் ஆண்டு படித்தபோது அந்தக் காலண்டரில் இன்னொரு புயல் சேர்ந்தது. அதன் பெயர் ஃபெஞ்சல்.

புயல் என்றால் வரும், அடிக்கும், போய்விடும். அதனால்தானே 'கரையைக் கடந்தது' என்கிறோம்? ஆனால் 2024 நவம்பர் 30 இரவு புதுச்சேரி அருகே கரை ஏறிய ஃபெஞ்சல், போக மனமில்லாத விருந்தாளி மாதிரி பல மணி நேரம் அங்கேயே நின்றுவிட்டது. நின்ற இடத்தில் நின்றபடியே கொட்டியது. புதுச்சேரியில் ஒரே நாளில் 40 சென்டிமீட்டருக்கு மேல் மழை. நம் திருவண்ணாமலையும் தப்பவில்லை.

எங்கள் வீடும் மலையடிவாரத்தில்தான். கரண்ட் போய்விட்டது. சுவர்க் கடிகாரத்தில் பேட்டரி தீர்ந்து பல மாதம் ஆகிறது. செல்போன்தான் எங்களுக்கு மணி காட்டும். அதுவும் அணைந்துவிட்டது. டிசம்பர் 1, ஞாயிற்றுக்கிழமை. வானம் காலையிலிருந்து ஒரே நிறம். பத்து மணியா, நாலு மணியா, ஒன்றும் புரியவில்லை. நடுப்பகலிலேயே ஆயா, "பொழுது சாஞ்சிடுச்சு, வெளக்கேத்து" என்றார். அம்மா ஏற்றியும் விட்டார். யாரும் சிரிக்கவில்லை. ஒரு நாள் ஒரு வாரம் போல நீண்டது.

அன்று மாலைதான் அந்தச் செய்தி வந்தது. வ.உ.சி. நகரில் மலைச்சரிவு. மண்ணும் பாறையும் வீட்டின் மேல் இறங்கிவிட்டன. மீட்புப் படையினர் மழையிலும் சேற்றிலும் தோண்டினார்கள். கடைசி உடல் கிடைத்தது டிசம்பர் 3இல். மொத்தம் 7 பேர். அதில் 5 பேர் நம்மைவிடச் சின்னவர்கள். நமக்கு நீளமாக இருந்த அதே நாள், அவர்களுக்கு ஒரு நொடியில் முடிந்துபோனது!

செய்தி கேட்டதும் அம்மா என்னைப் பார்த்தார். "நீ சிவிலு தானே படிக்கிற? நம்ம பக்கம் வருமா, வராதா? சொல்லு."

நான் என்ன சொல்வேன்? அதுவரை நான் படித்திருந்தது கணக்கும் இயற்பியலும் டிராயிங்கும்தான். வீட்டில் படித்தவன் ஒருவன் இருக்கிறான் என்ற நம்பிக்கையில் அம்மா கேட்ட முதல் கேள்வி அது. தலையைக் குனிந்துகொண்டேன். அப்பாதான் பேசினார். "யோசிக்காதீங்க, கெளம்புங்க." ஆயாவைத் தோளில் தூக்கிக்கொண்டு, ஊரின் மறு பக்கம் இருக்கும் அத்தை வீட்டுக்கு இருட்டில் நடந்தோம்.

அப்பா கொத்தனார். மண்ணைத் தாங்கும் சுவர் கட்டும்போது இடையிடையே குழாய்த் துண்டு வைத்து ஓட்டை விடுவார். சின்ன வயதில் ஏன் என்று கேட்டேன். "பின்னால தண்ணி நின்னா செவுத்தைத் தள்ளிடும்டா. அது போறதுக்கு வழி வெக்கணும்" என்றார். இந்த வருஷம் மண் இயக்கவியல் வகுப்பில் சார் அதையே போர்டில் எழுதினார். மண் துகள்களுக்கு நடுவே தண்ணீர் நிறைந்தால் எடை கூடும், தண்ணீரின் அழுத்தம் துகள்களை விலக்கும், அவற்றின் பிடிப்பு தளரும், சரிவு வழுக்கும். எனக்குக் கண் கலங்கிவிட்டது. அப்பா எந்தப் புத்தகத்தில் படித்தார்?

நண்பர்களே, யோசித்துப் பாருங்கள். மலை கோடிக்கணக்கான ஆண்டுகளாக நிற்கிறது. மழை அதன் மண்ணில் ஊற மணிக்கணக்கு ஆகிறது. சரிவதற்கோ சில நொடிகள் போதும். அந்த மணிகளில் முன்னறிகுறி ஏதாவது தெரிந்தால்தான் நொடிகளில் உயிர் பிழைக்க முடியும். தரையில் புதிதாக வெடிப்பு, சாய்ந்து நிற்கும் மரம், திடீரென்று கலங்கி வரும் ஊற்று, காரணமில்லாமல் இறுகிக்கொள்ளும் கதவு... இவற்றைக் கண்டால் காத்திருக்கக் கூடாது. எதுவும் தெரியாவிட்டாலும், மழை விடாமல் கொட்டினால் எங்கள் அப்பா போலக் கிளம்பிவிட வேண்டும்.

1964 டிசம்பர் 22 இரவு தனுஷ்கோடியைக் கடல் விழுங்கியது. ரயிலோடு பயணிகளும் போனார்கள். இன்றும் அங்கே இடிந்த சர்ச் சுவர் நிற்கிறது. அந்த ஊருக்குக் காலம் அன்றோடு நின்றுவிட்டது. இன்று செயற்கைக்கோளும் ரேடாரும் புயல் வருவதை முன்கூட்டியே சொல்லிவிடுகின்றன. ஆனால் எந்தத் தெருவுக்கு மேல் எந்தப் பாறை பிடிப்பில்லாமல் இருக்கிறது என்பதை வானத்திலிருந்து மட்டும் சொல்லிவிட முடியுமா? லெவல் கருவியும் ஸ்டாஃபும் தூக்கிக்கொண்டு யாராவது மலையடிவாரத்தில் நடந்தாக வேண்டும். அந்த யாராவது நாமாக இருந்தால் என்ன?

அந்த ஆண்டு டிசம்பர் 13இல் உச்சியில் மகாதீபம் எரிந்தது. பக்தர்களை மலை ஏற விடவில்லை. கீழே நின்று கும்பிட்ட அம்மாவின் கண், தீபத்திலிருந்து மெல்ல இறங்கிப் பாறைகளை ஒவ்வொன்றாகப் பார்த்தது.

ஆயா இப்போது அதை "மலை சரிஞ்ச வருஷம்" என்கிறார். சுவர்க் கடிகாரத்துக்கு நான் புது பேட்டரி போட்டுவிட்டேன். அம்மாவின் கேள்விக்கு மட்டும் இன்னும் பதில் சொல்லவில்லை. அடுத்த புயலுக்குள் சொல்லிவிட வேண்டும். அதற்காகத்தான் படிக்கிறேன்.

— இரண்டாம் ஆண்டு, அமைப்பியல் துறை