விசிலடித்துக்கொண்டு வந்த ஊர்

1/
"ராத்திரி தூக்கமே வரமாட்டேங்குது டாக்டர்" என்று வருபவர்களிடம் காபி எத்தனை, பகலில் தூங்குகிறீர்களா, வேறு மாத்திரை ஏதும் போடுகிறீர்களா என்றெல்லாம் கேட்டுவிட்டுக் கடைசியாக ஒன்று கேட்பேன். படுக்கும் முன் என்ன பார்த்தீங்க?

பதில் பெரும்பாலும் ரெண்டில் ஒன்று. நியூஸ் சேனல் விவாதம், இல்லாவிட்டால் மருமகள் பாலில் மாமியார் விஷம் கலக்கும் சீரியல்.

2/
அதனால் இன்று ஒரு வித்தியாசமான இழை. 1960களின் அமெரிக்கக் கிராமத்து நகைச்சுவைத் தொடர்கள், அவற்றின் டைட்டில் பாடல்கள், கூடவே 'கோஸி மிஸ்டரி' எனப்படும் துப்பறியும் நாவல்கள். டாக்டருக்கு இதில் என்ன வேலை என்று கேட்பீங்க. கொஞ்சம் பொறுங்க. ஒரு குழந்தையின் உயிர் பிழைத்த கதையும் இதில் வருது.

3/
முதலில் 'தி ஆண்டி கிரிஃபித் ஷோ'. சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1960 அக்டோபரில் தொடங்கி 1968 வரை ஓடியது. வட கரோலினா மாநிலத்தில் மேபெரி என்று ஒரு கற்பனை ஊர். மனைவியை இழந்த ஷெரிஃப் ஆண்டி, சின்னப் பையன் ஓப்பி, வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பீ அத்தை.

ஷெரிஃப் பொதுவாகத் துப்பாக்கி வைத்துக்கொள்வதில்லை. உதவியாளர் பார்னிக்குத் துப்பாக்கி உண்டு, தோட்டா மட்டும் ஒன்றே ஒன்று. அதுவும் சட்டைப் பைக்குள் இருக்கணும் என்பது ஆண்டியின் உத்தரவு!

4/
இதன் டைட்டில் இசையில் வார்த்தையே கிடையாது. அப்பாவும் மகனும் தூண்டிலைத் தோளில் சாய்த்துக்கொண்டு குளத்துக்கு நடந்து போவார்கள். பின்னணியில் ஒரு விசில். அவ்வளவுதான். விசிலடித்தவர் இசையமைப்பாளர்களில் ஒருவரான ஏர்ல் ஹேகனேதான்.

இன்னொரு வேடிக்கை. அந்தக் குளம் வட கரோலினாவில் இல்லை, லாஸ் ஏஞ்சல்ஸில் ஃபிராங்க்ளின் கேன்யன் என்ற இடத்தில் இருக்கிறது. பெவர்லி ஹில்ஸ் பங்களாக்களுக்குப் பக்கத்திலேயே ஒரு 'கிராமம்'.

5/
அடுத்து பால் ஹென்னிங் என்பவரின் கை. 'தி பெவர்லி ஹில்பில்லிஸ்' (1962-71), 'பெட்டிகோட் ஜங்ஷன்' (1963-70) இரண்டையும் உருவாக்கியவர் அவர். 'கிரீன் ஏக்கர்ஸ்' (1965-71) அவர் தயாரிப்பில் வந்தது.

முதலாவதில் நிலத்தில் எண்ணெய் கிடைத்துப் பணக்காரர்களான மலைவாசிக் குடும்பம் பெவர்லி ஹில்ஸுக்குக் குடிபோகிறது. மூன்றாவது நேர் எதிர். நியூயார்க் வக்கீல் ஒருவர் விவசாயம் பார்க்கணும் என்று மனைவியை இழுத்துக்கொண்டு ஹூட்டர்வில் கிராமத்துக்கு வருகிறார்.

6/
இந்தப் பாடல்களின் வேலை என்ன தெரியுமா? முழுக் கதையையும் ஒரு நிமிடத்தில் சொல்லிவிடுவது. எண்ணெய் எப்படிக் கிடைத்தது, ஏன் ஊரைவிட்டுப் போனார்கள் என்பதெல்லாம் ஹில்பில்லிஸ் பாட்டிலேயே வந்துவிடும். ஹென்னிங்கே எழுதிய பாட்டு அது. ஃபிளாட், ஸ்க்ரக்ஸ் என்ற புகழ்பெற்ற புளூகிராஸ் ஜோடியின் பேன்ஜோ பின்னால் துள்ளும். கிரீன் ஏக்கர்ஸ் பாட்டோ புருஷன் பெண்டாட்டி சண்டை. அவருக்கு வயல் வேணும், அம்மணிக்கு நியூயார்க் வேணும்.

ரீவைண்ட், யூடியூப் எதுவும் இல்லாத காலம். நடுவில் எந்த வாரம் வந்து உட்கார்ந்தாலும் கதை புரியணும். அடுப்படியில் இருப்பவர் கையைத் துடைத்துக்கொண்டு ஓடிவரவும் நேரம் வேணும்.

7/
இங்கேதான் என் ஏரியா. திரும்பத் திரும்பக் கேட்டுப் பழகிய இசை மூளையில் ஆழமாகப் பதிகிறது. அல்சைமர் நோயில் பெயர்களும் முகங்களும் மறந்துபோன பின்னும், இளவயதில் கேட்ட பாட்டைச் சிலர் தாளம் தப்பாமல் முணுமுணுப்பதை நரம்பியல் மருத்துவர்கள் பலமுறை பார்த்திருக்கிறார்கள்.

'மால்குடி டேஸ்' தொடருக்கு எல்.வைத்தியநாதன் போட்ட அந்த ஹம்மிங்கை நினைத்துப் பாருங்க. தூர்தர்ஷன் காலத்துக்காரர் என்றால் இந்நேரம் மண்டைக்குள் ஓட ஆரம்பிச்சிருக்கும்.

8/
ஹில்பில்லிஸில் ஒரு பாட்டி உண்டு. எல்லோரும் கிரானி என்பார்கள். தன்னையே பெரிய டாக்டர் என்று நினைப்பவர். ஒரு எபிசோடில் ஜலதோஷத்துக்குக் கைகண்ட மருந்து தன்னிடம் இருப்பதாகச் சொல்வார். பேங்க் அதிபர் கோடிக்கணக்கில் லாபம் பார்க்கலாம் என்று துள்ளுவார். கடைசியில் குட்டு உடையும். மருந்தைக் குடித்துவிட்டு நன்றாக ஓய்வெடுத்தால் ஒரு வாரம், பத்து நாளில் சளி போய்விடுமாம்!

மருந்து குடிக்காவிட்டாலும் அதே பத்து நாள்தானே. சாதாரண சளிக்கு ஆண்டிபயாடிக் கேட்டு அடம்பிடிக்கும் எல்லோருக்கும் இந்த எபிசோடைப் போட்டுக் காட்ட ஆசை.

9/
இப்போது எங்கள் பெரியம்மா கதை. அவங்க அனுமதியோடுதான் எழுதறேன். 2019 கடைசியில் பெரியப்பா தவறிவிட்டார். தனியாக இருக்க வேண்டாம் என்று அண்ணன் ஒஹாயோவுக்கு அழைத்துப் போனார். அப்போது அவங்களுக்கு 74 வயது. மூன்று மாதத்தில் திரும்புவதாக ஏற்பாடு. 2020 மார்ச்சில் விமானமெல்லாம் நின்றுபோச்சு.

10/
ஏப்ரலில் அண்ணன் போன் செய்தார். "டேய், அம்மா பேசவே மாட்டேங்கறாங்க. சாப்பாடு பாதியா குறைஞ்சிடுச்சு. விடிய விடிய நியூஸ்தான். நேத்து அடுப்பை அணைக்க மறந்துட்டாங்க. மறதி வியாதியா இருக்குமோ?"

வயதானவர்கள் ஒடுங்கிப்போய் மறக்க ஆரம்பித்தால் எல்லாமே டிமென்ஷியா இல்லை. மனச்சோர்வும் அப்படியே வேஷம் போடும். தைராய்டு, பி12 குறைபாடும் போடும். அங்கேயே ஒரு டாக்டரிடம் வீடியோ ஆலோசனை ஏற்பாடு செய்தோம். ரத்தப் பரிசோதனையில் கோளாறு இல்லை. மனச்சோர்வு என்று முடிவாகிக் குறைந்த அளவில் மருந்து ஆரம்பித்தார்கள்.

11/
நான் சேர்த்துச் சொன்னது ஒன்றுதான். இரவு எட்டு மணிக்கு மேல் நியூஸ் கூடாது. அந்த நேரத்துக்கு அண்ணி தேடிப்பிடித்துப் போட்டதுதான் ஆண்டி கிரிஃபித்.

பெரியம்மாவுக்கு அமெரிக்க ஆங்கிலம் பாதிதான் புரியும். ஆனால் அந்த விசில் கேட்டதும் காபி டம்ளரோடு வந்து உட்கார்ந்துவிடுவாங்களாம். மூன்றாவது வாரம் என்னிடம் போனில் சொன்னாங்க: "அந்த பார்னி இருக்கானே, நம்ம ஊர் ஏட்டையா மாதிரியே இருக்கான்டா. லத்தியைத் தூக்கத் தெரியாது, மீசை மட்டும் முறுக்குவாரே, அவரேதான்." ஐந்து மாதத்தில் நான் கேட்ட முதல் சிரிப்பு அது.

12/
விசில் குணப்படுத்திவிட்டது என்று தயவுசெய்து ஃபார்வர்ட் போட்டுவிடாதீங்க. மருந்து வேலை செய்தது, நாட்கள் போயின, பேரப்பிள்ளைகள் பக்கத்தில் இருந்தார்கள். விசில் செய்தது ஒரு சின்ன வேலை. எப்போது சாப்பிடணும், எப்போது படுக்கணும் என்று தெரியாமல் கிடந்த நாளுக்கு ஒரு மணியடித்தது. மனச்சோர்வில் இருப்பவருக்கு அது சின்ன விஷயம் இல்லை.

13/
இந்தத் தொடர்களின் முடிவையும் சொல்லணும். யாரும் பார்க்காமல் நின்றவை அல்ல இவை. ஆண்டி கிரிஃபித் ஷோ தன் கடைசி சீசனில்தான் அமெரிக்காவின் முதலிடத்தில் இருந்தது. ஆனால் 1971 வாக்கில் சிபிஎஸ் கிராமத்துத் தொடர்களை மொத்தமாக நிறுத்தியது. 'ரூரல் பர்ஜ்' என்று இதற்குப் பெயரே வந்துவிட்டது. காரணம், பார்ப்பவர்கள் கிராமத்து ஆட்கள், வயதானவர்கள். விளம்பரக் கம்பெனிகள் கேட்டதோ நகரத்து இளைஞர்களை.

தலை எண்ணிக்கை இருந்தது, அந்தத் தலைகள் நரைத்திருந்தன. இன்றும் வீட்டு டிவி ரிமோட் யார் கையில் இருக்கு என்று பாருங்க.

14/
நடிகர்கள் எங்கே போனார்கள்? துப்பறியப் போனார்கள்! ஹில்பில்லிஸ் குடும்பத் தலைவராக நடித்த படி எப்சன் 1973இல் 'பார்னபி ஜோன்ஸ்' என்ற துப்பறிவாளர் ஆனார். ஆண்டி கிரிஃபித் 1986இல் 'மேட்லாக்' என்ற வக்கீலாக வந்து கொலைவழக்குகளை உடைத்தார்.

அதே ரசிகர்களுக்கு 1984இல் 'மர்டர், ஷி ரோட்'டும் வந்தது. கேபட் கோவ் என்ற கடலோரச் சிற்றூர், ஜெசிகா ஃபிளெட்சர் என்ற விதவை எழுத்தாளர், துள்ளும் பியானோ டைட்டில் இசை. 12 சீசன் ஓடியது.

15/
கோஸி மிஸ்டரியின் இலக்கணம் எளிது. சின்ன ஊர். கொலை நடக்கும், ஆனால் ரத்தம் கண்ணில் படாது. கண்டுபிடிப்பவர் போலீஸ் இல்லை, ஊர்க்காரர் ஒருவர். கடைசிப் பக்கத்தில் உண்மை தெரிந்தே ஆகணும். நோய் என்னவென்று தெரியாமல் ரிப்போர்ட்டுக்குக் காத்திருப்பவர்கள் இந்த நாவல்களை ஏன் விரும்புகிறார்கள் என்று எனக்குப் புரிகிறது. இங்கே விடை நிச்சயம் வரும்.

16/
இந்த வகைக்கெல்லாம் பெரிய பாட்டி அகதா கிறிஸ்டியின் மிஸ் மார்ப்பிள். 1930இல் முதல் நாவல், மொத்தம் 12. செயின்ட் மேரி மீட் கிராமத்தில் பின்னல் வேலை செய்துகொண்டு உட்கார்ந்திருக்கும் கிழவி. யாரைப் பார்த்தாலும் "இவர் எங்கள் ஊர் இன்னார் மாதிரி" என்று ஒப்பிடுவார், அதிலிருந்தே ஆளைப் பிடித்துவிடுவார். அனுபவமுள்ள குடும்ப டாக்டர் நோயைக் கண்டுபிடிப்பதும் பாதி இப்படித்தான். பழைய முகங்கள் மனசுக்குள் வரிசையாக நிற்கும்.

17/
கிறிஸ்டி முதல் உலகப்போரின்போது டார்க்கீ நகர மருத்துவமனையில் நர்ஸாகவும் பிறகு மருந்தகத்திலும் வேலை செய்தவர். மருந்தாளுநர் உதவியாளர் தேர்வும் எழுதித் தேறினார். அதனால் அவர் கதையில் விஷம் என்றால் அறிகுறிகள் துல்லியமாக இருக்கும். 1961இல் வந்த 'தி பேல் ஹார்ஸ்' நாவலில் விஷம் தாலியம். முக்கிய அறிகுறி முடி கொட்டுவது.

18/
1977. கத்தாரிலிருந்து ஒன்றரை வயதுக் குழந்தை ஒன்றை லண்டன் ஹேமர்ஸ்மித் மருத்துவமனைக்குக் கொண்டுவருகிறார்கள். நிலைமை மோசமாகிக்கொண்டே போகிறது, காரணம் புரியவில்லை. கவனித்துக்கொண்டிருந்த நர்ஸ் அப்போது படித்துக்கொண்டிருந்தது பேல் ஹார்ஸ். குழந்தையின் முடி கொட்டுவதைப் பார்த்து டாக்டர்களிடம் சொல்கிறார்: இது தாலியமாக இருக்கலாமே?

பரிசோதித்தார்கள். தாலியம்தான். வீட்டில் பூச்சி, எலிக்கு வைத்த மருந்திலிருந்து உடம்பில் சேர்ந்திருக்கிறது. குழந்தை பிழைத்தது. மருத்துவ இதழில் பதிவான சம்பவம் இது.

நர்ஸ் சொன்னதை டாக்டர்கள் காது கொடுத்துக் கேட்டார்கள் என்பதையும் சேர்த்து நினைவில் வையுங்க. (எலி மருந்தைக் குழந்தை கைக்கு எட்டாத இடத்தில் வையுங்க. இதை நூறு தடவை சொன்னாலும் தப்பில்லை.)

19/
இதுவரை இனிப்பு. இப்போது கொஞ்சம் கசப்பு. 2020 ஜூன், ஜார்ஜ் ஃபிளாய்ட் கொல்லப்பட்டு அமெரிக்கத் தெருக்களெல்லாம் போராட்டம். ஒருநாள் பெரியம்மா கேட்டாங்க: "ஏன்டா, நியூஸ்ல அத்தனை கறுப்பு ஜனங்க நிக்கறாங்க. இந்த விசில் ஊர்ல ஒருத்தர்கூட இல்லையே, எங்க போனாங்க?"

20/
மிகச் சரியான கேள்வி. ஆண்டி கிரிஃபித் பிறந்த மவுன்ட் ஏரியிலிருந்து காரில் ரெண்டு மணி நேரத்துக்குள் கிரீன்ஸ்பரோ. அங்கே 1960 பிப்ரவரி 1 அன்று நான்கு கறுப்பின மாணவர்கள் வெள்ளையருக்கு மட்டுமான உணவு கவுன்ட்டரில் உட்கார்ந்து எழ மறுத்தார்கள். நாடெங்கும் பரவிய போராட்டம் அது. எட்டு மாதம் கழித்து அதே மாநிலத்தில் நடப்பதாக மேபெரி தொடங்குகிறது. எட்டு வருடம் ஓடியும் அதில் வசனம் பேசும் கறுப்பினப் பாத்திரம் கிட்டத்தட்ட இல்லை.

21/
நான் இதைச் சொன்னதும் பெரியம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம்: "நம்ம ஊர்லயும் எங்க திண்ணையில உட்கார்ந்து பார்த்தா அமைதியாத்தான் இருந்துச்சு. அந்தத் தெருவுல இருந்து பார்த்திருந்தா எப்படி இருந்திருக்குமோ. நான் ஒரு தடவைகூட அங்க போனதில்லையே."

மிஸ் மார்ப்பிள் கையில் எடுத்த அதே கருவிதான். ஒரு ஊரை வைத்து இன்னொரு ஊரைப் படிப்பது. 74 வயதில், தூக்கம் வருவதற்காகப் பார்த்த தொடரில், தன் ஊரைப் புதுசாகப் பார்த்தாங்க. அடுத்த நாளும் விசிலுக்கு வந்து உட்கார்ந்தாங்களாம். அப்புறம் பகலில் கொஞ்சம் நியூஸும் பார்த்தாங்க, கேள்வி கேட்டுக் கேட்டு.

22/
ஆக, உங்களுக்கு என் சீட்டு:

படுக்கும் முன் ஒரு மணி நேரம் சண்டை, விவாதம், பிரேக்கிங் நியூஸ் வேண்டாம். பழகிய நகைச்சுவை, பழைய பாட்டு, ஒரு துப்பறியும் நாவலின் ரெண்டு அத்தியாயம் போதும்.

வாரத்தில் மூன்று நாளுக்கு மேல் தூக்கம் கெட்டு மூன்று மாதம் தாண்டினால் டாக்டரைப் பாருங்க. கடையில் நீங்களாகத் தூக்க மாத்திரை வாங்காதீங்க.

வீட்டுப் பெரியவர் ரெண்டு வாரத்துக்கு மேல் பேச்சும் சாப்பாடும் குறைந்து ஒடுங்கினால் "வயசாச்சு" என்று விட்டுவிடாதீங்க. சிகிச்சை இருக்கிறது.

23/
ஆறுதலுக்கும் டோஸ் உண்டு. ராத்திரி ஒரு மணி நேரம் மேபெரியில் இருந்துவிட்டு வருவது ஓய்வு. நாள் முழுக்க அங்கேயே குடியிருந்தால் பக்கத்துத் தெருவில் என்ன நடக்குது என்பதே தெரியாமல் போய்விடும்.

கேட்டதும் உங்கள் வீட்டுப் பெரியவர் முகம் மலரும் டைட்டில் இசை எது? தெரியாவிட்டால் இன்று இரவு அவரிடமே கேளுங்க. நாளை இங்கே வந்து சொல்லுங்க, கேட்கக் காத்திருக்கேன்.