கல்வெட்டுப் பாடிய ஐயாமாருக்கு

மதிப்புக்குரிய ஐயாமாருக்கு,

யாழ்ப்பாணத்துச் சைவக் குடும்பங்களில் ஒருவர் இறந்து 31ஆம் நாள் செய்யும் அந்தியேட்டிக்கு வருவோர் கையில் ஒரு சிறு புத்தகம் கொடுப்பார்கள். அட்டையில் நினைவு மலர் என்றிருக்கும். ஊரில் கல்வெட்டு என்போம். அதிலுள்ள பாட்டுகளைக் கட்டித் தந்தவர்கள் நீங்கள். ஓய்வுபெற்ற தமிழ் வாத்தியார், கோயிலில் புராணம் படிக்கிறவர், ஊர்ப் புலவர் என்று பலர். பலருடைய பெயர் எனக்குத் தெரியாது. உங்கள் எல்லோருக்கும் நன்றி சொல்லவே இந்த மடல்.

என் அம்மம்மாவின் கல்வெட்டு இப்போது மேசையில் இருக்கிறது. 1971இல் அச்சானது. சிவமயம் என்று தொடங்கி, படத்துக்குக் கீழே திதி வெண்பா. விரோதிகிருது வருடம், ஆவணி மாதம், பூர்வபட்சத் தசமி எல்லாவற்றையும் நாலே அடிக்குள் தளை தட்டாமல் அடக்கியிருக்கிறீர்கள். திவசத்துக்கு நாள் பார்க்க இன்றும் அந்த வெண்பாவைத்தான் எடுத்துப் பார்க்கிறோம். பின்னால் தேவாரம், திருவாசகம். அதற்கும் பின்னால் அவரின் மரபு: யாருக்கு மகள், எங்கே வாழ்க்கைப்பட்டார், பெறாமக்கள் யார், மருமக்கள் யார். மலாயா ரயில்வேயில் வேலை பார்த்து அங்கேயே காலமான தமையன் ஒருவர் அவருக்கு இருந்தார் என்பதை நான் அறிந்தது அந்தப் பக்கத்தில்தான். சீதன உறுதியைத் தவிர வேறெந்தத் தாளிலும் அம்மம்மாவின் பெயரை நான் கண்டதில்லை.

செத்தவீட்டு அழுகை ஓயுமுன்னே விறாந்தையில் கொப்பியோடு இருந்து, "மூத்தவர் எங்கை முடிச்சவர்? அவருக்குப் பிள்ளையள் எத்தினை பேர்?" என்று நீங்கள் கேட்டுக் கேட்டு எழுதினீர்கள். அன்று பதில் சொன்ன கிழவிமார் ஒருவரும் இன்று இல்லை. கல்வெட்டில் புகழ்ச்சி கூடுதல் என்பார்கள். உண்மைதான், அதைக் கொஞ்சம் தள்ளித்தான் படிக்கவேண்டும். ஆனால் பெயரையும் ஊரையும் முறையையும் நான் நம்புகிறேன். அதில் பிழை விட்டிருந்தால் அந்தியேட்டிப் பந்தியிலேயே இனத்தவர் பிடித்திருப்பார்கள்.

எழுதி வைத்தவையும் அழிந்ததுண்டு. 1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகத்தை எரித்தபோது ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் சாம்பலாயின. 1995 ஒக்டோபர் இடப்பெயர்வில் வலிகாமத்து வீடுகள் வெறுமையாயின. எங்கள் வீட்டுப் பிரதியும் அப்போதுதான் போனது. பிறகு கொழும்பில் ஒரு பெறாமகளின் அலுமாரியில் அட்டை இல்லாத பிரதி ஒன்று கிடைத்தது. அந்தியேட்டிக்கு வந்தவர் எல்லோருக்கும் ஒவ்வொன்று கொடுத்த வழக்கம்தான் அதைக் காப்பாற்றியது.

2005இல் தொடங்கிய 'நூலகம்' என்ற இணையத் திட்டத்தில் இத்தகைய நினைவு மலர்களையும் மின்வருடிச் சேர்த்து வருகிறார்கள். உங்கள் பாட்டுகளை இப்போது கனடாவிலும் இலண்டனிலும் இருக்கிற பூட்டப்பிள்ளைகள் திறந்து பார்க்கலாம். அவற்றை மின்வருடுகிறவர்களுக்கும் என் நன்றி.

இதைப் படிக்கும் உறவுகளுக்கு ஒரு வேண்டுகோள். அண்மையில் வரும் மலர்களில் வண்ணப் படங்கள் கூடி, மரபு சொல்லும் பக்கங்கள் குறைந்து வருகின்றன. அடுத்த மலர் அச்சுக்குப் போகுமுன் வீட்டு மூத்தவர்களிடம் பெயர்களைக் கேட்டு எழுதுங்கள். தாய்வழியையும் விடாமல் எழுதுங்கள். பழைய கல்வெட்டு உங்கள் பெட்டியில் இருந்தால் மின்வருடக் கொடுங்கள். பாடியவர் பெயர் தெரிந்தால் அதையும் மறக்காமல் சொல்லிக் கொடுங்கள்.

ஒரு பேத்தி